காசுவாசலுக்கு வெட்டுப்புள்ளி எங்கே?

திருகோணமலை நகரிலிருந்து புல்மோட்டை வீதி வழியே முப்பது கிலோமீற்றருக்கு மேல் வடக்கே சென்றால் குச்சவெளி வரும். அங்கே சென்ற வாரம், கரைவலை இழுத்துக் களைத்து வாடியின் நிழலில் அமர்ந்திருந்த பெரியவர் ஒருவர் நம்மிடம் ஒரு கேள்வி கேட்டார். அவருடைய பேர்த்தி உயர்தரப் பரீட்சையில் உயிரியல் பிரிவில் நல்ல சித்தி பெற்றவள். மருத்துவ பீடத்துக்குரிய வெட்டுப்புள்ளியை மயிரிழையில் தவறவிட்டவள். "ஐயா, புள்ளி கொஞ்சம் குறைஞ்சிட்டுதெண்டு எங்கட பிள்ளையை விட்டுட்டாங்கள். சரி, அது சட்டம். காசு கட்டிப் படிக்கிற கல்லூரிக்கு வெட்டுப்புள்ளி ஒண்டும் கிடையாதோ?" என்றார்.

கேள்வி சிறியது. ஆனால் அதற்கு விடை தேடிப் புறப்பட்டால் சட்டப் புத்தகங்களின் பல ஏடுகளைப் புரட்ட வேண்டியிருக்கிறது. புரட்டி முடித்த பின்பும் கையில் எஞ்சுவது, "கிடையாது பெரியவரே, அப்படியொரு புள்ளியைச் சட்டம் எழுதி வைக்கவில்லை" என்ற வெட்கந்தரும் விடையே. அது ஏன் எழுதப்படவில்லை, எழுதுவதற்குத் தடை யாது, அத்தடை மெய்யாகவே உண்டா என்பதை இவ்வாரம் ஆராய விரும்புகிறோம்.

அரசாங்கப் பல்கலைக்கழகத்தின் வாசலை முதலிற் பார்ப்போம். அங்கே காவல் கடுமையானது. பரீட்சை எழுதிய ஒவ்வொரு பிள்ளையின் பெறுபேறும் இசட் புள்ளியாக மாற்றப்பட்டு, தசமத்துக்குப் பின் நான்கு தானங்கள் வரை கணிக்கப்படுகிறது. இடங்களில் நூற்றுக்கு 40 வீதம் நாடளாவிய திறமை வரிசைப்படி வழங்கப்படுகிறது. 55 வீதம் மாவட்டங்களின் சனத்தொகைக்கேற்பப் பகிரப்படுகிறது. எஞ்சிய 5 வீதம் கல்வியிற் பின்தங்கியவை எனக் குறிக்கப்பட்ட 16 மாவட்டங்களுக்கு மேலதிகமாக அளிக்கப்படுகிறது. திருகோணமலை அப்பதினாறில் ஒன்று. 2012-ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி இம்மாவட்டத்தில் வாழ்ந்தோர் ஏறக்குறைய 3 இலட்சத்து 80 ஆயிரம் பேர். நாட்டின் 2 கோடியே 3 இலட்சத்துக்கு மேற்பட்ட மக்களில் இது நூற்றுக்கு இரண்டுக்கும் குறைவு. ஆயிரம் மருத்துவ இடங்கள் இருப்பதாக வைத்துக்கொண்டு கணக்குப் போட்டால், மாவட்டப் பங்கான 550-இல் நமக்கு வருவது பத்து இடங்கள். பின்தங்கிய மாவட்டங்களுக்கான ஐம்பதிலிருந்து இன்னும் சில. மூதூரும் கிண்ணியாவும் தம்பலகாமமும் நகரமும் குச்சவெளியும் தமக்குள் பங்கிட வேண்டியது இவ்வளவே.

இந்த ஏற்பாட்டின் பிறப்பு நமக்கு இனிய நினைவன்று. 1971-ஆம் ஆண்டில் மருத்துவ அனுமதிக்குத் தமிழ் மொழிமூல மாணவன் 250 புள்ளி பெறவேண்டும், சிங்கள மொழிமூல மாணவனுக்கு 229 போதும் என்று வகுக்கப்பட்ட அநீதியை நாம் மறந்தோமில்லை. அதன்பின் 1974-இல் மாவட்டப் பங்கீடு வந்தது. யாழ்ப்பாணத்துப் பிள்ளைகள் நொந்தனர். நொந்த இளைஞர் எவ்வழியை நாடினர் என்பதையும் இந்நாடு பின்னர் கண்டது. எனினும் ஒன்றை மறைக்காமற் சொல்வோம். வசதியான ஆய்வுகூடங்களும் பெயர்பெற்ற ஆசிரியர்களும் இல்லாத கிராமங்களிலிருந்து, தமிழரும் முஸ்லிம்களுமாகத் தமிழ் பேசும் பிள்ளைகள் பலர் மருத்துவ பீடத்தின் படியை மிதிக்க முடிந்தது இதே மாவட்டப் பங்கீட்டினால்தான். யாழ்ப்பாணத்து அன்பர் சிலர் இவ்வரியைப் படித்து முகஞ்சுளிக்கக்கூடும். அவர்களுடைய மனத்தாங்கலில் நியாயம் உண்டு. நாம் சொல்வதிலும் உண்மை உண்டு.

அரசாங்க வாசலின் மீது நீதிமன்றங்களின் கண்ணும் எப்போதும் இருந்துவந்திருக்கிறது. 1978-ஆம் ஆண்டு அரசியலமைப்பு நடைமுறைக்கு வந்த சிறிது காலத்துக்குள்ளேயே, மாவட்டப் பங்கீடு சமத்துவத்துக்கு முரண் என்று வழக்கு எழுந்தது; உயர் நீதிமன்றம் அப்பங்கீட்டை நியாயமான வகைப்படுத்தல் என ஏற்றுக்கொண்டது. 2012 ஜூனில், பழைய பாடத்திட்டத்தில் எழுதியோரையும் புதிய பாடத்திட்டத்தில் எழுதியோரையும் ஒன்றாகக் கலந்து கணித்த இசட் புள்ளியை அதே நீதிமன்றம் செல்லாதென்றது. கணக்கை மீண்டும் போட நேர்ந்தது. ஒரு தசமத்தில் பிழை நேர்ந்தாலும் ஏழைப் பிள்ளை நீதிமன்றப் படியேறலாம் என்ற நிலை இந்த வாசலில் இருக்கிறது.

இனி மற்ற வாசல். 1980-களின் தொடக்கத்தில் றாகமையில் வட கொழும்பு மருத்துவக் கல்லூரி தனியார் நிறுவனமாகத் தோன்றியது. கட்டணம் செலுத்த வல்லார்க்கே அங்கு இடம். நாடெங்கும் மாணவர் கிளர்ந்தெழுந்தனர். அக்கிளர்ச்சி அந்நாளின் இரத்தக்களரியோடும் கலந்தது. 1989-இல் அரசாங்கம் கல்லூரியைப் பொறுப்பேற்றது. 1991-இல் அது களனிப் பல்கலைக்கழகத்தின் மருத்துவ பீடமாயிற்று. கல்லூரி போயிற்று. ஆனால் அத்தகைய கல்லூரி மீண்டும் பிறந்தால் அதில் யாரைச் சேர்ப்பது, எம்முறையிற் சேர்ப்பது என்று விதிக்கும் சட்டமொன்று வந்ததா? வரவில்லை. நோய் தணிந்தவுடன் மருந்தைப் பற்றிய பேச்சை விட்டுவிடும் பழக்கம் நமது ஆட்சியாளர்க்குப் பழையது.

இதற்கிடையில் கதவொன்று சந்தடியின்றித் திறக்கப்பட்டிருந்தது. 1985-ஆம் ஆண்டின் 7-ஆம் இலக்கச் சட்டம், 1978-ஆம் ஆண்டுப் பல்கலைக்கழகங்கள் சட்டத்தைத் திருத்தி, பட்டம் வழங்கும் நிறுவனங்களை அமைச்சர் வர்த்தமானிக் கட்டளை மூலம் அங்கீகரிக்க வழிசெய்தது. அதன் 25ஏ பிரிவின் கீழ் 2011 ஆகஸ்டில், மாலபேயில் இயங்கிய தென்னாசியத் தொழில்நுட்ப மருத்துவ நிறுவனத்துக்கு, மக்கள் வாயில் 'சைட்டம்' என வழங்கியதற்கு, மருத்துவப் பட்டம் வழங்கும் உரிமை கிடைத்தது. வர்த்தமானியின் ஒரு தாளில் மருத்துவக் கல்லூரி பிறந்துவிட்டது.

பின்னர் நிகழ்ந்தவை வாசகர்களுக்கு நினைவிருக்கும். நோயாளரைக் கண்டு பழகும் பயிற்சி போதாது, சேர்க்கப்பட்டோரிற் சிலரின் உயர்தரப் பெறுபேறு போதாது என்ற குற்றச்சாட்டுகள் எழுந்தன. இலங்கை மருத்துவ சபை ஆய்வுக்குழுவை அனுப்பியது. அப்பட்டத்தை ஏற்கலாகாது எனப் பரிந்துரைத்தது. பட்டம் பெற்று வந்தோரைப் பதிவுசெய்ய மறுத்தது. பட்டதாரி ஒருவர் வழக்குத் தொடுத்தார். 2017 ஜனவரி 31-ஆம் நாள் மேன்முறையீட்டு நீதிமன்றம், தற்காலிகப் பதிவை வழங்குமாறு மருத்துவ சபைக்குக் கட்டளையிட்டது. 2018 செப்தெம்பர் 21-ஆம் நாள் உயர் நீதிமன்றமும் அக்கட்டளையை நிலைநிறுத்தியது.

இத்தீர்ப்புகளைக் கேட்டுப் பலர் கொதித்தனர். நீதிமன்றம் பணக்காரர் பக்கம் சாய்ந்துவிட்டது என்றுகூடச் சிலர் பேசினர். நாம் அவ்வாறு கருதவில்லை. மருத்துவக் கட்டளைச் சட்டம் மருத்துவ சபைக்குக் கொடுத்த அதிகாரம் ஆராய்ந்து அறிக்கை தருவதும் பரிந்துரைப்பதுமே. அப்பரிந்துரையின்மேல் நடவடிக்கை எடுத்து அங்கீகாரத்தை நீக்கவேண்டியவர் அமைச்சர். அமைச்சர் வாய்திறவாதிருந்தார். குறைந்தபட்சத் தரம் இன்னது என்று விதிக்கவேண்டிய ஒழுங்குவிதிகளும் அன்று சட்டவலுப் பெற்றிருக்கவில்லை. துறைமுகத்துச் சுங்க அதிகாரி, எவ்வளவு நியாயமாகத் தோன்றினும், சட்டத்தில் இல்லாத வரியைத் தம் கையால் எழுதி அறவிட முடியுமா? முடியாது. சட்டம் எழுதப்படாத இடத்தில் நீதியரசர் சட்டமியற்றுவாரென எதிர்பார்த்தது நம் பிழை. எழுதவேண்டியவர் எழுதாதிருந்தது அதனினும் பெரும் பிழை.

இடையில் வதைபட்டோர் இரு சாரார். ஒருவர், சைட்டத்தில் சேர்ந்த மாணவர்கள். அரசாங்கமே வர்த்தமானியில் அங்கீகரித்த நிறுவனத்தில், பெற்றோர் வீடுவாசலை ஈடுவைத்துச் சேர்த்துவிட்ட பிள்ளைகள் அவர்களில் உண்டு. அவர்களைக் கள்ளரைப் போல ஏசியது தகாத செயல். மற்றவர், நோயாளர். மருத்துவ அதிகாரிகளின் வேலைநிறுத்த நாட்களில், தனியார் மருத்துவமனைக்குச் செல்ல வழியில்லாமல் அரசாங்க மருத்துவமனை வாசலிலிருந்து திரும்பி நடந்தவர்கள் எவரும் சைட்டத்தில் பிள்ளையைச் சேர்த்தவர்கள் அல்லர். 2017 ஒக்டோபரில் சைட்டத்தை ஒழிப்பதாக அரசாங்கம் அறிவித்தது. 2018-இல் தனிச்சட்டம் இயற்றி அம்மாணவரைக் கொத்தலாவலைப் பாதுகாப்புப் பல்கலைக்கழகத்துடன் சேர்த்தது. 2021-இல் அப்பல்கலைக்கழகத்துக்கெனக் கொண்டுவரப்பட்ட சட்டமூலத்தினாலும் கிளர்ச்சி மூண்டது; அதுவும் நிறைவேறவில்லை.

2018-இல் மருத்துவக் கல்வியின் குறைந்தபட்சத் தரம் பற்றிய ஒழுங்குவிதிகள் வர்த்தமானியில் வந்தன. நன்று. ஆனால் குறைந்தபட்சத் தகுதி வேறு, தெரிவு வேறு என்பதை இங்கே அழுத்திச் சொல்லவேண்டியிருக்கிறது. குறைந்தபட்சத் தகுதி, யார் உள்ளே வரக்கூடாது என்று சொல்லும். தகுதி பெற்ற ஆயிரவரில் இடம் நூறே உண்டு எனின், எந்த நூறுபேர் உள்ளே வருவது என்பதைச் சொல்வது தெரிவு. அரசாங்கப் பல்கலைக்கழகத்தில் இசட் புள்ளி தெரிவுசெய்கிறது. காசுவாசலில் தெரிவுசெய்வது காசோலை. குச்சவெளிப் பேர்த்தியைவிடக் குறைந்த புள்ளி பெற்ற கொழும்புச் செல்வன், குறைந்தபட்சத் தகுதி ஒன்றிருக்கும் காரணத்தாலேயே, அந்த வாசலால் உள்ளே போகலாம். அவள் போக முடியாது. ஒழுங்குவிதி மீறப்படவில்லை, ஒழுங்குவிதிப்படியே இது நடக்கும்! பெரியவர் கேட்ட கேள்வி இந்த இடத்திலேதான் நிற்கிறது.

நாம் இக்கேள்வியை இப்போதுதான் கேட்கிறோம். பாக்கு நீரிணைக்கு அப்பால் இதே கேள்வி பல்லாண்டுகளாக நீதிமன்றப் படிகளில் ஏறி இறங்கியிருக்கிறது. அங்கே நடந்தது நமக்கு நேர்மாறு: சட்டமன்றங்கள் சட்டமியற்றின, நீதிமன்றங்கள் அதற்கு எல்லை வகுத்தன, பாராளுமன்றம் அவ்வெல்லையை மீண்டும் தள்ளி வைத்தது.

தொடக்கம் சென்னையில். மருத்துவ, பொறியியற் கல்லூரி இடங்களைச் சமூகவாரியாகப் பகிர்ந்த சென்னை மாகாண அரசாணையை 1951 ஏப்ரிலில் இந்திய உச்ச நீதிமன்றம் செல்லாதென்றது. தமிழ்நாடு கொதித்தது. இரண்டே மாதங்களில் இந்திய அரசியலமைப்புக்கு முதலாவது திருத்தம் வந்து, பின்தங்கிய வகுப்பினர்க்குத் தனி ஏற்பாடு செய்ய இடமளித்தது. அது அரசாங்கக் கல்லூரிகளைப் பற்றியது. தனியார் கல்லூரிகள் மலிந்தபோது வழக்குகளும் மலிந்தன. கர்நாடகத்தில் அரசாங்க ஒதுக்கீட்டில் வரும் மாணவர் ஆண்டுக்கு 2,000 ரூபாவும், அம்மாநிலத்து ஏனைய மாணவர் 25,000 ரூபாவும், வெளிமாநிலத்தார் 60,000 ரூபாவும் கட்டவேண்டுமென்ற விதி இருந்தது. கொடையென்ற பெயரில் இடத்தை விற்பது கல்வி உரிமையை மறுப்பதாகும் என்று 1992-இல் உச்ச நீதிமன்றம் கடிந்தது. அதே ஆண்டு தமிழ்நாடும் நன்கொடை வசூலைத் தடுக்கச் சட்டம் கண்டது. 1993-இல் நீதிமன்றமே ஒரு திட்டம் வகுத்தது: பாதி இடம் அரசாங்கக் கட்டணத்தில், பாதி இடம் கூடிய கட்டணத்தில், இரண்டும் திறமை வரிசைப்படி.

ஒன்பது ஆண்டுகள் அத்திட்டம் ஓடிற்று. 2002 ஒக்டோபர் 31-ஆம் நாள், 11 நீதியரசர் கொண்ட ஆயம் அதைக் கைவிட்டது. கல்வி நிறுவனம் நடத்துவது ஒரு தொழில். அது அரசியலமைப்பு காக்கும் சுதந்திரம். அரசாங்க உதவி பெறாத கல்லூரிக்கு மாணவரைத் தெரிவுசெய்வதிலும் கட்டணம் விதிப்பதிலும் உரிமை உண்டு என்றது. அத்துடன் நிற்காமல், தெரிவு திறமையின்படி நேர்மையாக நடக்க வேண்டும், நன்கொடை கூடாது, கொள்ளை இலாபம் கூடாது என்றும் சொல்லிற்று. 2005 ஆகஸ்டில் ஏழு நீதியரசர் மேலும் தெளிவாக்கினர்: அரசாங்கம் தனது இடஒதுக்கீட்டையோ இடப்பங்கையோ உதவிபெறாத தனியார் கல்லூரியின்மேல் சுமத்த முடியாது, ஆனால் பொதுத் தேர்வு ஒன்றின்படி சேர்க்குமாறு சொல்லலாம், கட்டணத்தைக் குழு அமைத்துக் கண்காணிக்கலாம்.

இங்கே கவனிக்க வேண்டியது, இந்தியப் பாராளுமன்றம் கைகட்டி நிற்கவில்லை என்பது. மாதங்கள் சிலவற்றில் 93-ஆவது திருத்தம் நிறைவேறி 2006 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. சிறுபான்மையோர் நிறுவனங்கள் நீங்கலாக, உதவி பெறினும் பெறாவிடினும், தனியார் கல்லூரிகளிலும் பின்தங்கியோர்க்கு இடம் ஒதுக்கச் சட்டமியற்றலாம் என்றது அது. 2014-இல் உச்ச நீதிமன்றம் அத்திருத்தத்தை ஏற்றது. 2016 மே மாதம், மத்தியப் பிரதேச அரசு தனியார் கல்லூரிகளுக்குப் பொதுத் தேர்வும் கட்டண வரையறையும் விதித்த சட்டத்தையும் ஏற்றது. வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரி முதலியவை தொடுத்த வழக்கில், 2013-இல் பொது நுழைவுத் தேர்வை நீக்கிய நீதிமன்றம் 2016-இல் அத்தீர்ப்பை மீட்டுக்கொண்டு, 2020 ஏப்ரிலில் சிறுபான்மையோர் கல்லூரிகளும் அத்தேர்வுக்குக் கட்டுப்பட்டவையே என்று முடித்தது. எல்லை நகர்ந்துகொண்டே இருந்தது. ஒவ்வொரு முறையும் அதை நகர்த்தியது யாரோ எழுதிய ஒரு சட்டம்.

தமிழ்நாட்டின் அனுபவத்தில் இனிப்பும் உண்டு, கசப்பும் உண்டு. கசப்பு நாடறிந்தது. மாநில நுழைவுத் தேர்வை 2006-ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஒழித்த தமிழ்நாட்டின்மேல், 2017-இல் அகில இந்தியத் தேர்வு வந்து விழுந்தது. விலக்குக் கேட்டுச் சட்டமன்றம் இருமுறை முயன்றும் குடியரசுத் தலைவரின் இசைவு கிடைக்கவில்லை. 2021-இல் இயற்றிய சட்டமூலம் நிராகரிக்கப்பட்ட செய்தியை 2025 ஏப்ரிலில் முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். தனியார் கல்லூரியை அடக்கும் அதே பொதுத்தேர்வு, தனிப் பயிற்சிக்குக் காசில்லாத கிராமத்துப் பிள்ளையையும் வெளியே தள்ளுகிறது என்பது தமிழ்நாட்டின் முறையீடு. பொதுத்தேர்வு ஒன்றே மருந்தென்று நம்புவோர் இதைச் சிந்திக்க வேண்டும்.

இனிப்பு 2020-ஆம் ஆண்டுச் சட்டம். தகுதிபெற்ற அரசுப் பள்ளி மாணவர்க்கு மருத்துவ இடங்களில் 7.5 விழுக்காடு ஒதுக்கியது அது. அதில் தனியார் கல்லூரிகள் அரசுக்குக் கொடுக்கும் இடங்களும் அடங்கும். தனியார் கல்லூரியில் இடம்பெற்ற ஏழைப் பிள்ளை கட்டணத்துக்கு எங்கே போவான் என்ற கேள்வி எழுந்தபோது, கட்டணத்தை அரசே செலுத்தும் என்று அன்றைய அரசாங்கம் அறிவித்தது. 2022 ஏப்ரிலில் சென்னை உயர் நீதிமன்றம் இச்சட்டத்தை நிலைநிறுத்தியது. இடத்தை மட்டும் கொடுத்துக் கட்டணத்தைக் கொடாவிட்டால், அது குச்சவெளிப் பெரியவருக்குக் கப்பலைக் கொடுத்து எண்ணெய் கொடாதது போலாகும்.

இனி நம் நாட்டுக்குத் திரும்புவோம். "தனியார் கல்லூரியின் அனுமதியில் கைவைத்தால் சட்டம் தடுக்கும்" என்று கொழும்பில் சிலர் சொல்லக் கேட்கிறோம். எந்தச் சட்டம்? நமது அரசியலமைப்பின் 14(1)(எ) என்று சொல்லப்படும் ஏழாவது சுதந்திரம், தொழில், வணிகம் நடத்தும் சுதந்திரம் உண்மையே. ஆனால் அதே அரசியலமைப்பின் 15-ஆம் உறுப்புரை, தொழில் நடத்துதற்கு வேண்டிய தகைமைகளின் பொருட்டும், பொதுச் சுகாதாரத்தின் பொருட்டும், சனநாயக சமுதாயத்தின் பொதுநலத்தின் பொருட்டும் அச்சுதந்திரத்தைச் சட்டத்தால் வரையறுக்க இடந்தருகிறது. மருத்துவன் யார் என்பதைவிடப் பொதுச் சுகாதாரத்துக்கு அண்மையான விடயம் வேறெது?

மேலும், இந்தியாவில் சட்டம் வந்த பின்பும் நீதிமன்றம் அதை வெட்டலாம். இங்கே பாராளுமன்றம் நிறைவேற்றி முடித்த சட்டத்தை எந்த நீதிமன்றமும் செல்லாதாக்க முடியாது. சட்டமூலமாய் இருக்கும்போதே உயர் நீதிமன்றம் ஆராயும். இந்த ஏற்பாட்டை நாம் போற்றுபவர்களல்லோம். சிறுபான்மை மக்களாகிய நமக்கு அது பலமுறை தீங்கு செய்திருக்கிறது. ஆயினும், இத்துணை அதிகாரம் படைத்த பாராளுமன்றம், ஏழைப் பிள்ளைக்கு இடம் ஒதுக்கும் வேளையில் மட்டும் "எமக்கு அதிகாரம் இல்லை" என்று கைவிரிப்பதை எவர் நம்புவார்? அரசாங்கப் பல்கலைக்கழகத்தில் நியாயமான வகைப்படுத்தலென்று நீதிமன்றம் ஏற்ற மாவட்டப் பங்கீட்டை, முறையான சட்டத்தின் மூலம் தனியார் வாசலுக்கும் நீட்டினால் அதுவும் நிலைக்கும் என்பதே நமது துணிபு.

வேறொரு வேதனையும் உண்டு. நமது அரசியலமைப்பின் 27-ஆம் உறுப்புரை, கல்வியின் எல்லா மட்டங்களிலும் எல்லாருக்கும் சமமான வாய்ப்பை உறுதிசெய்வதை அரசின் கடமையென்று அழகாகச் சொல்கிறது. இரண்டு உறுப்புரை தள்ளி, 29-ஆம் உறுப்புரை, இக்கடமைகளை எந்த நீதிமன்றத்திலும் கேட்டு நிறைவேற்ற முடியாதென்று சொல்லிவிடுகிறது. ஆகவே குச்சவெளிப் பேர்த்தி இதைக் காட்டி வழக்காட முடியாது. அவளுக்கு வேண்டியது கடமையைச் சொல்லும் வாசகமன்று, உரிமையைக் கொடுக்கும் சட்டம்.

அச்சட்டத்தில் என்ன இருக்கவேண்டும்? தனியார் மருத்துவக் கல்லூரி எதுவாயினும் விண்ணப்பதாரரின் இசட் புள்ளி வரிசையைப் பகிரங்கமாக வெளியிட்டு, அவ்வரிசைப்படியே அழைக்க வேண்டும். இடங்களில் ஒரு பங்கு அந்தப் பதினாறு மாவட்டங்களுக்குப் போகவேண்டும். அப்பங்கில் வருவோரின் கட்டணத்தைத் திறைசேரி ஏற்கவேண்டும். கட்டணம் இவ்வளவு என்பதைக் கல்லூரியின் கணக்கைப் பார்த்து, ஓய்வுபெற்ற நீதியரசர் தலைமையிலான குழு தீர்மானிக்கலாம். மருத்துவ சபையின் பரிந்துரைமேல் அமைச்சர் இத்தனை நாட்களுக்குள் முடிவு சொல்லவேண்டுமென்று காலவரை இடவேண்டும். 2017-இல் வழுக்கியது இவ்விடத்திலேயே. பங்கு எவ்வளவு, காலம் எத்தனை நாள் என்பவற்றில் நாம் பிடிவாதக்காரரல்லர்.

இலவசக் கல்வியைக் காக்க விரும்பும் நண்பர்கள், "தனியார் மருத்துவக் கல்லூரியே கூடாது; நீங்கள் ஒழுங்கு பேசி அதற்கு வழிவிடுகிறீர்கள்" என்பர். கன்னங்கரா அவர்களின் முயற்சியால் 1945-இல் மலர்ந்த இலவசக் கல்வி இல்லையெனில், இந்தப் பத்திரிகையை எழுதுவோரிற் பலர் எழுத்தறிந்திருக்க மாட்டோம். அந்நண்பர்களின் அச்சத்தை நாம் மதிக்கிறோம். ஆனால் வசதியுள்ளோர் பிள்ளைகள் பங்களாதேசத்துக்கும் நேபாளத்துக்கும் சீனாவுக்கும் ரஷ்யாவுக்கும் சென்று படித்துத் திரும்பி, பதிவுப் பரீட்சை எழுதி மருத்துவராகிக்கொண்டுதான் இருக்கிறார்கள். காசுவாசல் மூடப்பட்டதாக நினைப்பது நம் கற்பனை. அது கட்டுநாயக்காவில் திறந்தே இருக்கிறது. சைட்டம் மூடப்பட்டபின்னும் உள்நாட்டில் அத்தகைய கல்லூரி பற்றிய எண்ணம் மாண்டுவிடவில்லை. அது மீண்டும் வரும் நாளில் நம்மிடம் கோஷம் மட்டும் இருக்குமா, சட்டமும் இருக்குமா? திறப்பதாயின் சட்டத்தை முன்னே வைத்துத் திறக்கவேண்டும். சட்டமில்லாத வரை திறக்கலாகாது. நமது நிலை இது.

"இவ்வளவு கட்டுப்பாடு விதித்தால் முதலீட்டாளர் ஓடிவிடுவர்" என்பார்க்கு நீண்ட பதில் தேவையில்லை. நியாயமான இலாபத்தோடு நடத்த வல்லவர் வரட்டும்; வரிசையைக் காட்ட அஞ்சுபவர் ஓடட்டும்.

மாகாணத்தைப் பற்றியும் ஒரு சொல். பதின்மூன்றாவது திருத்தத்தின் ஒருங்கிய நிரலில், 1985-ஆம் ஆண்டின் அதே 7-ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ்ப் பட்டம் வழங்கும் நிறுவனங்களை அமைப்பது இடம்பெற்றிருக்கிறது. மாகாணத்துக்கும் இவ்விடயத்தில் வாய் உண்டு என்பது பொருள். ஆனால் கிழக்கு மாகாண சபையின் காலம் 2017 செப்தெம்பரில் முடிந்தபின் ஆண்டுகள் பல தேர்தலின்றியே கழிந்தன. வாயைக் கொடுத்துப் பேச்சைப் பறித்த கதை இது. இதை வேறோர் இதழில் விரிவாகப் பேசுவோம்.

ஆகவே இன்று கேட்க வேண்டியது பாராளுமன்றத்திலேயே. திருகோணமலை மாவட்டம் அங்கே நால்வரை அனுப்புகிறது. கட்சி எதுவாயினும், இனம் எதுவாயினும், நால்வரிடமும் நாம் ஒன்றையே கேட்கிறோம்: தனியார் மருத்துவக் கல்லூரிகளின் மாணவர் அனுமதி பற்றிய தனியங்கத்தவர் சட்டமூலம் ஒன்றை நீங்கள் கூட்டாகக் கொண்டுவர ஆயத்தமா? ஆயத்தமாயின் எப்போது? இல்லையாயின் ஏன்? இவ்விதழின் பிரதி ஒன்றை நால்வருக்கும் அஞ்சலில் அனுப்பியிருக்கிறோம். வரும் விடைகளை, வராவிட்டால் வரவில்லை என்பதை, இதே பக்கத்தில் வெளியிடுவோம். ஒரு பிரதி குச்சவெளி வாடிக்கும் போகும்.